வி.டி.ஆர்.எல். பாசிட்டிவ்: வயிற்றில் இருக்கும் குழந்தைக்கு என்ன ஆகும்?

கேள்வி: எனக்கு வயது 26. இப்போது 31ஆம் வாரம். முதல் குழந்தை இரண்டு வருடத்துக்கு முன்னால் ஏழாம் மாதத்தில் வயிற்றிலேயே இறந்துவிட்டது. காரணம் யாரும் சொல்லவில்லை, வீட்டில் தோஷம் என்றார்கள். இந்தத் தடவை ஐந்து மாதம் முடிந்த பிறகுதான் ஆஸ்பத்திரிக்குப் போனேன். ரத்தத்தில் வி.டி.ஆர்.எல். 1:16, டி.பி.எச்.ஏ.வும் பாசிட்டிவ் என்று வந்தது. 24ஆம் வாரத்தில் இடுப்பின் இரண்டு பக்கமும் பென்சிலின் ஊசி போட்டார்கள். வாரம் ஒரு தடவை, இன்னும் இரண்டு வாரம் வரச் சொன்னார்கள். அன்று இரவே குளிர்காய்ச்சல், உடம்பெல்லாம் வலி. பக்கத்தில் ஒரு தனியார் மருத்துவமனையில் “பென்சிலின் உங்களுக்கு ஒத்துக்கொள்ளாது” என்று அசித்ரோமைசின் மாத்திரை கொடுத்தார்கள். அதை முடித்துவிட்டேன். இப்போது அம்மா வீட்டில் இருக்கிறேன். இங்கே யாருக்கும் விஷயம் தெரியாது. அம்மா “வாயைத் திறக்காதே” என்கிறார். கணவர் கோவையில் ஃபவுண்டரி வேலை, ஞாயிற்றுக்கிழமை வந்துபோவார். தனக்கு ஒரு குறையும் இல்லை என்று சொல்லி டெஸ்ட் எடுக்க மறுக்கிறார். குழந்தைக்கும் இது வருமா? பால் கொடுக்கலாமா? முதல் குழந்தை இதனால்தான் போனதா? பெயர், ஊர் வேண்டாம்.

குழந்தை நல மருத்துவரின் பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

வி.டி.ஆர்.எல்., டி.பி.எச்.ஏ. இரண்டும் சிபிலிஸ் என்ற பால்வினை நோயைக் காட்டும் ரத்தப் பரிசோதனைகள். மற்றதெல்லாம் பிறகு. நாளைக் காலை அம்மாவைக் கூட்டிக்கொண்டு, கர்ப்பகால அட்டை, ரத்தப் பரிசோதனைச் சீட்டு, மாத்திரை எழுதிக்கொடுத்த சீட்டு, ஸ்கேன் எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு மாவட்டத் தலைமை மருத்துவமனைக்கோ மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்கோ போங்கள். பென்சிலின் ஊசியை முதலிலிருந்து, மூன்று வாரமும் போட்டுக்கொள்ள வேண்டும். 24ஆம் வாரத்தில் போட்ட ஒன்றை வீண் என்று சொல்லமாட்டேன், ஆனால் கணக்கில் சேர்க்க முடியாது. கர்ப்பிணிகளுக்கு ஒரு ஊசிக்கும் அடுத்ததற்கும் ஏழு நாள் இடைவெளி. ஒன்பது நாளைத் தாண்டிவிட்டாலே மறுபடி முதலிலிருந்து என்பதுதான் முறை. உங்களுக்கு ஏழு வாரம் போய்விட்டது.

அசித்ரோமைசின் கணக்கிலேயே வராது. அது நஞ்சுக்கொடியைத் தாண்டிக் குழந்தையின் உடம்புக்குப் போதிய அளவில் போவதில்லை. போதாததற்கு, சிபிலிஸ் கிருமி பல இடங்களில் அந்த மருந்துக்கு அடங்காமலும் ஆகிவிட்டது. எரித்ரோமைசினும் அப்படித்தான். டாக்சிசைக்ளின் கர்ப்பத்தில் கொடுக்கக் கூடாதது. தாயையும் வயிற்றில் இருக்கும் குழந்தையையும் சேர்த்துக் குணப்படுத்தும் என்று நம்பிக் கொடுக்கக்கூடியது பென்சிலின் ஒன்றுதான். அந்த ஊசி கண்டுபிடித்துப் பல பத்தாண்டுகள் ஆன பிறகும் இதற்கு மாற்று வரவில்லை.

அந்த இரவுக் காய்ச்சலுக்கு வருகிறேன். நீங்கள் எழுதியிருப்பதை வைத்துப் பார்த்தால் அது ஒவ்வாமை மாதிரி எனக்குத் தெரியவில்லை. பென்சிலின் ஒவ்வாமை என்றால் பெரும்பாலும் ஊசி போட்ட சில நிமிடங்களில், அதிகம் போனால் ஒரு மணி நேரத்தில் தெரிந்துவிடும். உடம்பெல்லாம் தடிப்புத் தடிப்பாக எழும்பும், அரிக்கும், உதடும் கண்ணும் வீங்கும், மூச்சு இழுக்கும், மயக்கம் வரும். உங்களுக்கு வந்தது குளிர், காய்ச்சல், உடம்பு வலி, அதுவும் பல மணி நேரம் கழித்து. மருந்து பட்டுக் கிருமிகள் கூட்டமாகச் சாகும்போது அவற்றிலிருந்து வெளிவரும் பொருள்களால் இப்படி ஒரு காய்ச்சல் வரும். யாரிஷ், ஹெர்க்ஸ்ஹைமர் என்ற இரண்டு மருத்துவர்களின் பெயரால் அதைச் சொல்வார்கள். 24 மணி நேரத்துக்குள் வந்து, பாராசிட்டமாலோடு தானே அடங்கிவிடும். மருந்து வேலை செய்கிறது என்பதற்கான அறிகுறியை ‘ஒத்துக்கொள்ளவில்லை’ என்று எழுதி மருந்தையே நிறுத்திவிடுகிறார்கள். இது அடிக்கடி நடக்கிறது.

ஆனால் கடிதத்தை வைத்து நான் தீர்ப்புச் சொல்லக் கூடாது. அதனால்தான் பெரிய ஆஸ்பத்திரி என்றேன். ஊசி போட்டு எவ்வளவு நேரம் கழித்து என்ன வந்தது என்று நேரம் சொல்லி விவரியுங்கள். தடிப்போ மூச்சுத் திணறலோ இருந்ததா என்று அவர்கள் கேட்பார்கள், யோசித்துப் பதில் சொல்லுங்கள். உண்மையாகவே ஒவ்வாமை என்று தெரிந்தாலும் வழி இருக்கிறது. உள்நோயாளியாகச் சேர்த்து, மிகச் சிறிய அளவில் தொடங்கி, சில மணி நேரத்தில் படிப்படியாகக் கூட்டி, உடம்பைப் பழக்கிவிட்டுப் பிறகு அதே பென்சிலினைப் போடுவார்கள். கர்ப்பிணிக்கு இவ்வளவு பாடுபடுவதற்குக் காரணம் மேலே சொன்னதுதான், வேறு மருந்து இல்லை.

ஊசி போட்ட அன்று இன்னொன்றையும் கவனியுங்கள். இந்தக் காய்ச்சலோடு சில சமயம் வயிறு இறுகி இறுகி விடும், குழந்தையின் அசைவு குறையும். உங்கள் மாதத்தில் அது அலட்சியம் செய்யக்கூடியது இல்லை. வயிறு விட்டு விட்டு இறுகினாலோ, அசைவு குறைந்தாலோ, நீர் கசிந்தாலோ ராத்திரி என்று பார்க்காமல் 108ஐக் கூப்பிடுங்கள். முதல் ஊசியை ஆஸ்பத்திரியில் ஒரு நாள் தங்கிப் போட்டுக்கொள்ள முடியுமா என்று கேட்டுப் பாருங்கள். கூடவே ஒரு ஸ்கேன். குழந்தையின் கல்லீரல் பெரிதாகியிருக்கிறதா, வயிற்றில் நீர் கோத்திருக்கிறதா, நஞ்சுக்கொடி தடித்திருக்கிறதா என்று அதில் பார்க்க முடியும்.

ஏன் மூன்று ஊசி, சிலருக்கு ஒன்றோடு விடுகிறார்களே என்று நீங்கள் கேட்கலாம். நோய் தொற்றி அதிக காலம் ஆகவில்லை என்று நிச்சயமாகத் தெரிந்தால் 24 லட்சம் யூனிட் ஒரே தடவை போதும். எப்போது தொற்றியது என்று தெரியாவிட்டால், வாரம் 24 லட்சமாக மூன்று வாரம். உங்களுக்குத் தெரியாது, உங்கள் கணவருக்கும் தெரியாது. வி.டி.ஆர்.எல். சீட்டுக்கும் தெரியாது, யாரிடமிருந்து யாருக்குப் போனது என்பதையும் அது சொல்லாது. அதை வைத்து வீட்டில் பஞ்சாயத்து வைக்காதீர்கள்.

இனி நாள் கணக்கு. குழந்தை மருத்துவனாக எனக்கு இதுதான் முக்கியம். தாய்க்குச் சரியான பென்சிலின் சிகிச்சை பிரசவத்துக்குக் குறைந்தது 30 நாள் முன்னால் தொடங்கியிருந்தால்தான் வயிற்றில் இருக்கும் குழந்தைக்கும் அது போய்ச் சேர்ந்தது என்று எடுத்துக்கொள்வோம். 31ஆம் வாரத்தில் தொடங்கினால் 33ஆம் வாரத்தில் மூன்றும் முடியும். 37ஆம் வாரத்தில் வலி வந்தாலும், தொடங்கிய நாளிலிருந்து 30 நாளுக்கு மேல் இருக்கும். இன்னும் இரண்டு மூன்று வாரம் தயங்கினால் இந்தக் கணக்கு தட்டிப்போகும். சிகிச்சையே இல்லாத சிபிலிஸில் பாதிக்கு மேற்பட்ட கர்ப்பங்கள் ஏதாவது ஒரு விதத்தில் கெடுகின்றன. கரு கலைவது, வயிற்றில் இறப்பது, குறைமாதம், எடைக் குறைவு, நோயோடு பிறப்பது என்று எதுவாகவும் இருக்கலாம். சரியான நேரத்தில் ஊசி போட்டால் அநேகமாக இவை எல்லாமே தவிர்க்கக்கூடியவை. அமெரிக்காவில் 2022இல் 3,700க்கும் மேற்பட்ட குழந்தைகள் இந்த நோயோடு பிறந்தார்கள், பத்து வருடத்தில் பத்து மடங்கு. அவர்களில் பத்தில் ஒன்பது பேரை, நேரத்தோடு பரிசோதித்துச் சிகிச்சை கொடுத்திருந்தால் காப்பாற்றியிருக்கலாம் என்று அந்த நாட்டு நோய்த் தடுப்பு மையமே சொன்னது. இதே காலத்தில் இலங்கை, தாயிடமிருந்து குழந்தைக்குச் சிபிலிஸ் பரவுவதை ஒழித்ததாக 2019இல் உலக சுகாதார நிறுவனத்தின் சான்று பெற்றது. மலேசியா அதற்கு ஒரு வருடம் முந்தி. ஊசி எங்கும் அதே ஊசிதான்.

உங்கள் முதல் குழந்தையைப் பற்றிக் கேட்டீர்கள். வயிற்றில் குழந்தை இறப்பதற்குத் தடுக்கக்கூடிய காரணங்களில் சிபிலிஸ் முக்கியமானது. உங்களுக்கும் அதுவாக இருந்திருக்கலாம். நிச்சயம் என்று சொல்ல அப்போது நஞ்சுக்கொடியையும் குழந்தையையும் பரிசோதித்திருக்க வேண்டும். பழைய கர்ப்பத்தின் அட்டை வீட்டில் எங்காவது இருந்தால் தேடிப் பாருங்கள். அதில் வி.டி.ஆர்.எல். என்ற இடத்தில் என்ன எழுதியிருக்கிறது? ‘நான்-ரியாக்டிவ்’, அதாவது நெகட்டிவ் என்றிருந்தால் நோய் பெரும்பாலும் அதற்குப் பிறகு வந்தது. பாசிட்டிவ் என்றிருந்தாலோ, அந்த இடம் காலியாக இருந்தாலோ அதையும் மருத்துவரிடம் காட்டுங்கள். எப்படியானாலும் தோஷம் என்ற பேச்சுக்கு இதில் இடமில்லை. அதை உங்கள் அம்மாவிடம் நான் சொன்னதாகவே சொல்லலாம்.

அம்மா “வாயைத் திறக்காதே” என்பதும் எனக்குப் புரிகிறது. அக்கம்பக்கத்துக்கு, சொந்தக்காரர்களுக்குச் சொல்ல வேண்டாம், சொல்ல அவசியமே இல்லை. ஆனால் மூன்று பேருக்குத் தெரியாமல் முடியாது. உங்களுக்குப் பிரசவம் பார்க்கும் மருத்துவர், பிறந்த குழந்தையைப் பார்க்கும் மருத்துவர், ஊரில் உள்ள கிராம சுகாதார செவிலியர். புகுந்த ஊரில் பதிவான பிக்மி எண்ணையே (கர்ப்பப் பதிவு எண்) இங்குள்ள செவிலியரிடம் கொடுங்கள், புதிதாகப் பதிய வேண்டாம். ஊர் மாறி அம்மா வீட்டுக்கு வரும் ஏழாம், எட்டாம் மாதத்தில்தான் நம் பெண்களின் சிகிச்சை பாதியில் அறுந்துபோகிறது. அங்கே ‘வரவில்லை’ என்று எழுதிக்கொள்வார்கள், இங்கே யாருக்கும் எதுவும் தெரியாது. அட்டையில் ஒவ்வொரு ஊசிக்கும் மருந்தின் பெயர், அளவு, தேதி மூன்றும் எழுதிக் கையெழுத்து வாங்குங்கள். ‘சிகிச்சை கொடுக்கப்பட்டது’ என்று ஒரே வரி எழுதிய அட்டையோடு வரும் தாய்மார்களைப் பார்த்தால் எனக்கு அவர்கள் மேல் வராத கோபம் அதை எழுதியவர்கள் மேல் வரும். என்ன சிகிச்சை? எந்தத் தேதியில்? அது தெரியாவிட்டால், சிகிச்சையே நடக்கவில்லை என்று வைத்துக்கொண்டு குழந்தைக்குப் பத்து நாள் ஊசி போடுவதைத் தவிர எங்களுக்கு வேறு வழியில்லை.

காரணம் இதுதான். இந்தக் கிருமியோடு பிறக்கும் குழந்தைகளில் பெரும்பாலோர் பிறக்கும்போது கொழுகொழுவென்று, எந்தக் குறையும் இல்லாமல்தான் இருப்பார்கள். பார்த்துக் கண்டுபிடிக்க முடியாது. சில வாரம் கழித்துத்தான் தெரியும். மூக்கு ஒழுகும், சில சமயம் ரத்தம் கலந்து. வீட்டில் சளி என்பார்கள். உள்ளங்கையிலும் உள்ளங்காலிலும் சிவந்த தடிப்பு, கொப்புளம், தோல் உரிதல் வரும். கரப்பான் என்று சொல்லி எண்ணெய் தடவுவார்கள். எலும்பு வலிக்கும் குழந்தை ஒரு கையை அசைக்காமல் வைத்திருக்கும், சுளுக்கு என்று வழிக்கப் போவார்கள். கல்லீரல், மண்ணீரல் வீங்கும், ரத்தம் குறையும், மஞ்சள் காமாலை நீளும். எல்லாம் விட்டுப்போனால் பல வருடம் கழித்துக் கண்ணின் கருவிழியிலும் காதிலும் பல்லிலும் போய் நிற்கும். இவ்வளவையும் எழுதுவது உங்களைப் பயமுறுத்த இல்லை. “பிள்ளை நன்றாகத்தானே இருக்கிறது, எதற்கு ஊசி” என்று பிரசவ வார்டில் யாராவது சொல்வார்கள். அந்தப் பேச்சுக்கு நீங்கள் இடம் கொடுத்துவிடக் கூடாது.

பிரசவ நாளில் உங்கள் ரத்தத்தையும் குழந்தையின் ரத்தத்தையும் ஒரே பரிசோதனைக்கு, ஒரே லேபுக்கு அனுப்புவார்கள். குழந்தையின் ரத்தத்தை நரம்பிலிருந்துதான் எடுக்க வேண்டும். தொப்புள்கொடி ரத்தத்தில் உங்கள் ரத்தம் கலந்து முடிவு தவறாகலாம். குழந்தைக்கும் பாசிட்டிவ் என்று வந்தால் உடனே உடைந்துபோகாதீர்கள். உங்கள் உடம்பில் உள்ள எதிர்ப்புப் பொருள் நஞ்சுக்கொடி வழியாகக் குழந்தைக்கும் போகும், அதனால் நோய் இல்லாத குழந்தைக்கும் பாசிட்டிவ் வரும். ரத்தத்தை எத்தனை மடங்கு நீர்த்தாலும் பாசிட்டிவ் காட்டுகிறது என்ற எண்ணை ஒப்பிட்டுத்தான் பார்ப்போம். அன்றைக்கு உங்களுக்கு 1:16 என்றால் குழந்தைக்கு 1:64 அல்லது அதற்கு மேல் இருந்தால், அதாவது நான்கு மடங்கு, குழந்தையின் உடம்பே கிருமியோடு சண்டை போடுகிறது என்று பொருள். உங்கள் எண் பிரசவத்துக்குள் குறையவில்லையே என்றும் கவலை வேண்டாம், அது இறங்க மாதக்கணக்கில் ஆகும். டி.பி.எச்.ஏ. பெரும்பாலும் ஆயுள் முழுக்கப் பாசிட்டிவாகவே நிற்கும்.

மூன்று ஊசியும் முடிந்து, முதல் ஊசியிலிருந்து 30 நாளும் கடந்து, குழந்தையின் உடம்பில் ஒரு குறையும் தெரியாமல், எண்ணும் நான்கு மடங்கு ஏறாமல் இருந்தால் குழந்தைக்கு ஒரே ஒரு பென்சிலின் ஊசி, கிலோவுக்கு 50,000 யூனிட். மூன்று கிலோ குழந்தைக்கு ஒன்றரை லட்சம். சில இடங்களில் அதுவும் போடாமல் கண்காணிப்போடு விடுவார்கள். கணக்கு தவறினால், அல்லது குழந்தையிடம் ஏதாவது தெரிந்தால், பத்து நாள் சிகிச்சை. முதல் வாரம் 12 மணி நேரத்துக்கு ஒரு முறை, பிறகு 8 மணி நேரத்துக்கு ஒரு முறை, நரம்பு வழியாக. அல்லது தினம் ஒரு தடவை தசையில் போடும் புரோகெய்ன் பென்சிலின். எலும்புக்கு எக்ஸ்ரே, ரத்த அணுக்கள், முதுகில் ஊசி வைத்துத் தண்டுவட நீர் எடுத்துப் பார்ப்பது எல்லாம் உண்டு. முதுகில் ஊசி என்றதும் வீட்டில் அழுகை கிளம்பும். அது குழந்தையை முடமாக்காது. மூளைக்குக் கிருமி போயிருக்கிறதா என்று தெரிந்துகொள்ள அதுதான் வழி. பத்து நாளில் ஒரு நாளுக்கு மேல் விட்டுப்போனால் முதலிலிருந்து தொடங்க வேண்டும். ஆறாம் நாள் “தீட்டுக் கழிக்க வேண்டும், எழுதிக் கொடுத்துவிட்டுப் போகிறோம்” என்று கிளம்புகிறவர்களை நான் எத்தனையோ முறை வாசல் வரை போய் மறித்திருக்கிறேன்.

தாய்ப்பால் தாராளமாகக் கொடுக்கலாம். பாலில் இந்த நோய் போகாது. மார்பில், காம்பில் சிபிலிஸ் புண் இருந்தால் மட்டும், சிகிச்சை முடிந்து அது ஆறும் வரை அந்தப் பக்கம் வேண்டாம். தடுப்பூசிகளும் வழக்கம்போல.

பிறகு தொடர் பரிசோதனை. இரண்டு மூன்று மாதத்துக்கு ஒரு முறை குழந்தையின் வி.டி.ஆர்.எல். பார்க்க வேண்டும். 14ஆம் வாரத் தடுப்பூசிக்குப் போகும்போதே ஒன்றை எடுத்துவிடலாம். உங்களிடமிருந்து வந்த எதிர்ப்புப் பொருளாக இருந்தால் மூன்று மாதத்தில் இறங்கி ஆறு மாதத்தில் மறைந்துவிடும். இறங்காமல் நின்றால், ஏறினால், மறுபடி சிகிச்சை. 18 மாதத்தில் ஒரு டி.பி.எச்.ஏ. அப்போதும் பாசிட்டிவ் என்றால் குழந்தைக்குத் தொற்றியிருந்தது என்பது உறுதி.

இனி எழுதுவதை உங்கள் கணவரிடம் அப்படியே காட்டுங்கள்.

தம்பி, உங்களுக்கு ஒன்றும் இல்லை என்று நீங்கள் சொல்வது பொய் என்று நான் நினைக்கவில்லை. இந்த நோயில் முதலில் வரும் புண் வலிக்காது. சில வாரத்தில் மருந்து இல்லாமலே ஆறிவிடும். பிறகு வரும் தடிப்பும் தானே மறையும். அப்புறம் வருடக்கணக்கில் வெளியே எதுவும் தெரியாமல் ரத்தத்தில் இருக்கும். உங்கள் மனைவி மூன்று ஊசியும் போட்டுக்கொண்ட பிறகு உங்களிடமிருந்து மறுபடி தொற்றினால் அத்தனையும் போச்சு, உங்கள் குழந்தைக்கு நான் மேலே சொன்ன பத்து நாள் சிகிச்சைதான். இரண்டு பேருக்கும் ஊசி முடிந்து ஒரு வாரம் ஆகும் வரை உறவு வேண்டாம், பிரசவம் வரை ஆணுறை இல்லாமல் வேண்டவே வேண்டாம். அரசு மருத்துவமனையின் பால்வினை நோய்ப் பிரிவில் பரிசோதனையும் ஊசியும் இலவசம். எச்.ஐ.வி. பரிசோதனையையும் அங்கேயே இருவரும் முடித்துக்கொள்ளுங்கள். நேரில் கேட்கக் கூச்சமாக இருந்தால் முதலில் 1097க்குப் போன் செய்து கேளுங்கள், கட்டணம் இல்லை. நீங்கள் வரும் ஞாயிற்றுக்கிழமையில் அந்த ஓ.பி. இருக்காது. திங்கட்கிழமை ஒரு நாள் லீவு சொல்லிவிட்டு, மனைவிக்கு ஊசி போடும் அதே ஆஸ்பத்திரியில் உங்கள் பெயருக்கும் ஒரு சீட்டு போடுங்கள்.